வெள்ளைச் சேலைக்கு ஆள் தேடிய கதை

ஹட்டன் பஸ் நிலையத்துக்கு எதிரே மாடியில் இருக்கும் சலூனில், கழுத்துவரை துணி போர்த்திக்கொண்டு முருகேசு உட்கார்ந்திருந்தான். சலூன்காரரின் கத்தி அவனுடைய மேலுதட்டுக்கு அருகில் வந்து நின்றது. நான் கதவோரம் நின்றிருந்தேன். பெண்கள் படியேறாத கடை அது. உள்ளே காத்திருந்த ஆண்கள் எல்லாரும் பத்திரிகையை முகத்துக்கு நேரே பிடித்துக்கொண்டு, அதற்கு மேலால் என்னைப் பார்த்தார்கள்.

"எடுக்கவா, வேணாமா? ஆளுங்க காத்துக்கிட்டு இருக்காங்க," என்றார் சலூன்காரர்.

"டீச்சர், கடைசியா ஒருக்கா கேக்குறேன். முக்காட்ட நல்லா இழுத்து விட்டுக்கிட்டா மீச தெரியாதுல்ல?"

"தெரியும் முருகேசு."

"வெள்ளக்காரப் பொம்பளைக்கி மீச இருக்காதுன்னு உங்களுக்கு யாரு சொன்னா?"

பத்திரிகைகள் குலுங்கின. எனக்கும் சிரிப்பு வந்தது. ஆனால் சிரித்தால் ஆள் எழுந்து போய்விடுவான் என்று பல்லைக் கடித்துக்கொண்டேன்.

"ராணிகிட்ட என்னான்னு சொல்றது?" என்றான். ராணி அவனுடைய மனைவி.

"ராணிகிட்ட நான் பேசிட்டேன்."

"என்ன சொன்னா?"

"எடுத்தா சின்னப் பையன் மாதிரி இருப்பீங்கன்னு சொன்னா." ராணி சொன்னது வேறு. எடுத்துவிட்டு வீட்டுப் பக்கம் வர வேண்டாம் என்று சொல்லியிருந்தாள். அதைச் சொல்லும் இடமா அது?

முருகேசு கண்ணை மூடிக்கொண்டான். "எடுங்கண்ணே," என்றான். இரண்டு இழுப்பில் வேலை முடிந்தது.

என் படிப்புக்காகப் பலர் பலதைக் கொடுத்திருக்கிறார்கள். நகையைக் கொடுத்திருக்கிறார்கள், உறக்கத்தைக் கொடுத்திருக்கிறார்கள். மீசையைக் கொடுத்தவன் அக்கரப்பத்தனையில் ஆட்டோ ஓட்டும் முருகேசு ஒருவன்தான். அந்த நன்றியை எழுதாமல் இந்தத் தொடரை முடிக்க முடியாது.

தேயிலையைத் தவிர

நான் ஆராய்ச்சி செய்தது நானூறு வருடங்களுக்கு முந்திய இங்கிலாந்து நாடகங்களைப் பற்றி. இதைச் சொன்னதும் எதிரில் இருப்பவர் முகத்தில் ஒரு மாற்றம் வரும். அந்த மாற்றத்தை நான் நன்றாக அறிவேன்.

"நீங்க அக்கரப்பத்தனைதானே? நம்ம சனத்தப் பத்திச் செய்யலாமே" என்பார்கள். கொழும்பில் கேட்டிருக்கிறார்கள், வெளிநாட்டிலும் கேட்டிருக்கிறார்கள். ஒரு முறை கினிகத்தேனையில் தேநீர் குடிக்க பஸ் நின்றபோது, பக்கத்து இருக்கைக்காரர் கூடக் கேட்டார். தேயிலைத் தோட்டத்து வரிசை வீடுகளில், லயத்தில் பிறந்தவள் லயத்தைப் பற்றித்தான் எழுத வேண்டுமாம். பணக்காரர்கள் வாழும் கொழும்பு ஏழில் பிறந்தவரிடம் போய், கொழும்பு ஏழைப் பற்றி மட்டும் எழுதுங்கள் என்று யாராவது சொல்கிறார்களா? எனக்குப் பற்றிக்கொண்டு வரும். பஸ் கிளம்பும்வரை அந்த மனிதரிடம் வாதாடினேன். பாவம், அவர் பொழுதுபோகக் கேட்டவர்.

எனக்கு அந்த நாடகங்கள் பிடித்திருந்தன. அவ்வளவுதான் காரணம். அரசனும் கோமாளியும் ஒரே மேடையில் நின்று ஒரே மூச்சில் பேசுவது பிடித்தது. உலகமே கொண்டாடும் ஒருவர் அந்தக் காலத்தில் இருந்தார். அவரைச் சுற்றி எத்தனையோ பேர் எழுதினார்கள். அவர்களில் பெண்களும் இருந்தார்கள் என்று தெரிந்தபோது, நான் அந்தப் பக்கம் திரும்பினேன்.

அப்போது லண்டனில் காசு வாங்கி ஆடும் மேடைகளில் பெண்கள் ஏறுவதில்லை. பெண் வேடத்தையும் பையன்களே கட்டுவார்கள். பெண்கள் நாடகம் எழுதினால், அது வீட்டுக்குள் கிடக்கும். படித்துப் பார்க்க மட்டும் எழுதியது என்று பின்னால் வந்த அறிஞர்கள் அதை ஓர் ஓரத்தில் தள்ளி வைத்தார்கள்.

அப்படித் தள்ளி வைத்த ஒன்றுதான் என் நாடகம். என் நாடகம் என்றே சொல்லிப் பழகிவிட்டது. எழுதியவள் பேர் தெரியாது. "ஒரு சீமாட்டி" என்று மட்டும் முதல் பக்கத்தில் இருக்கும். கையால் எழுதிய ஒரே ஒரு பிரதி. அதன் படங்களைக் கணினியில் பெரிதாக்கிப் பெரிதாக்கிப் பார்த்தே என் கண்ணாடியின் கனம் கூடியது.

கதை சுருக்கமானது. துறைமுகப் பட்டினத்தில் ஒரு வியாபாரியின் மனைவி. கணவன் போன கப்பல் திரும்பவில்லை. உடல் இல்லை, பார்த்தவர் இல்லை. அதனால் நீ விதவை இல்லை, துக்க ஆடை உடுத்தக்கூடாது என்கிறது நீதிமன்றம். கணவனும் இல்லை, கணவன் செத்ததும் இல்லை. அவள் நீதிபதியின் முன்னால் நின்று, தானே அந்த ஆடையை எடுத்து உடுத்திக்கொண்டு புலம்புகிறாள். மூன்றாவது அங்கம் முழுவதும் அந்தப் புலம்பல்தான்.

கணினித் திரையில் ஒரு கனவான்

என் ஆய்வேட்டைப் பரிசோதித்தவர் வெளிநாட்டுப் பேராசிரியர். நல்ல மனிதர், நல்ல படிப்பாளி. கணினித் திரையில் அவருக்குப் பின்னால் புத்தகங்கள் கூரைவரை நின்றன. எனக்குப் பின்னால் பல்கலைக்கழக விடுதியின் ஈரச் சுவர் இருந்தது.

இந்த நாடகம் கூட்டத்தின் முன்னால் பேசுவதற்கே எழுதப்பட்டது என்று நான் வாதாடியிருந்தேன். ஆய்வேட்டின் முதுகெலும்பே அதுதான். அவர் எல்லாவற்றையும் பாராட்டிவிட்டு, அங்கே வந்து நின்றார்.

"இத்தனை நீளப் புலம்பலை யார் உட்கார்ந்து கேட்பார்கள்?" என்றார். "அதிலும் வரிகள் பாதியில் முறிந்து கிடக்கின்றன. அவளுக்கு மேடை தெரியவில்லை. கூட்டம் இதைத் தாங்கும் என்பதற்கு ஏதாவது காட்டுங்கள். இல்லையென்றால் அந்த அத்தியாயத்தை எடுத்துவிட்டு, ஏட்டை வேறு மாதிரி எழுதுங்கள்."

வரி முறிவது உண்மை. மூன்றாவது அங்கத்தில் அவள் ஒரு வரியைத் தொடங்குவாள், பாதியில் நிற்கும், மிச்ச இடம் வெறுமையாக இருக்கும். திரும்பத் திரும்ப அப்படி வரும். பிரதி எடுத்தவன் தூங்கிவிட்டான் என்றார் ஒருவர். எழுதியவளுக்கு யாப்பு கைவரவில்லை என்றார் இன்னொருவர். எனக்கும் பதில் தெரியாததால் நான் அதைத் தொடவே இல்லை.

அத்தியாயத்தை எடுத்தால் ஏடு நிற்காது. திருத்திக் கொடுக்க ஒரே ஒரு தவணை தந்திருந்தார்கள். பட்டம் வராவிட்டால் என் விரிவுரையாளர் வேலை நிரந்தரமாகாது. அந்த வயதில் மறுபடி எங்கே போய் வரிசையில் நிற்பது? விடுதிக் குளியலறையில் தண்ணீரைத் திறந்து விட்டுவிட்டு அழுதேன். அழுது முடித்ததும் கோபம் வந்தது. கோபம் எனக்கு எப்போதும் நல்லது செய்திருக்கிறது.

யார் கேட்பார்கள் என்றா கேட்கிறாய்? எங்கள் ஊரில் வந்து பார் என்று நினைத்தேன்.

யார் உடுத்துவது?

நாடகத்தைத் தமிழாக்கினேன். கடலும் கப்பலும் அப்படியே இருக்கட்டும் என்று விட்டேன். எங்கள் ஆட்கள் இந்தியாவிலிருந்து கப்பலில் வந்தவர்கள்தானே. கறுப்பு ஆடையை மட்டும் வெள்ளைச் சேலையாக மாற்றினேன். வரி முறிந்த இடங்களில் ஒரு கோடு போட்டு, வெறுமையை வெறுமையாகவே விட்டேன். சந்தேகம் உள்ள இடத்தில் கை வைக்கக்கூடாது என்பது எங்கள் தொழிலில் முதல் பாடம்.

தோட்டத்தில் ஞாயிறு மத்தியானம் கொழுந்து நிறுக்கும் கொட்டகையான மடுவம் சும்மா கிடக்கும். அங்கே நாடகம். நீதிபதியாக நடிக்கத் தோட்டத்துத் தொழிற்சங்கத் தலைவர் உடனே ஒத்துக்கொண்டார். அவருக்கு உத்தரவு போடுவது பிடிக்கும். மற்ற வேடங்களுக்கும் ஆள் கிடைத்தது. கதாநாயகிக்குத்தான் ஆளில்லை.

நல்ல குரல் உள்ள பெண்பிள்ளை ஒருத்தி இருந்தாள். அவள் அம்மா என்னை வாசலோடு நிறுத்தினாள். "கல்யாணம் ஆகாத புள்ள வெள்ளச் சேல கட்டி நிக்கிறதா? நீ படிச்சவதானே சாந்தி?" என்றாள். கல்யாணமானவர்களிடம் போனேன். "பூவும் பொட்டுமா இருக்கையில ஏன்டியம்மா எனக்கு?" என்று கதவைச் சாத்தினார்கள். ஏற்கெனவே வெள்ளை உடுத்தியவர்களிடம் போய்க் கேட்க எனக்கே வாய் வரவில்லை.

பாக்கியம் அக்கா நன்றாகச் செய்வாள் என்று ஒருத்தி சொன்னாள். நான் திரும்பி அவளை முறைத்தேன்.

பாக்கியம் அக்கா எங்கள் பக்கத்து லயம். நான் ஆரம்பப் பள்ளியில் படித்த காலத்தில், அவளுடைய கணவர் மாரிமுத்து கொழும்பில் சாப்பாட்டுக் கடையொன்றில் வேலை செய்தார். கலவரமும் கைதுமாக நாடு கெட்டுக் கிடந்த நேரம். தீபாவளிக்கு வந்துவிட்டுக் காலை பஸ்ஸில் போனார். கடைக்குப் போய்ச் சேரவில்லை. வழியில் அவரைப் பஸ்ஸிலிருந்து இறக்கிக் கொண்டுபோனதைக் கண்டோம் என்றும் இல்லை என்றும் பேச்சு. பிறகு அந்தப் பேச்சும் நின்றது.

சில மாதம் போனதும், லயத்துப் பெண்கள் கூடி அவள் வாசலுக்குப் போனார்கள். ஒப்பாரி வைக்கத்தான். அவள் கதவு நிலையில் குறுக்கே நின்றாள்.

"யாரும் அழுவ வராதீங்க. அவரு வந்துருவாரு."

போனவர்கள் திரும்பி வந்தார்கள். அன்றிலிருந்து அவள் எதிரில் யாரும் அந்தப் பேச்சை எடுப்பதில்லை. அவள் பொட்டு வைத்தாள், பூ வைத்தாள். எந்தச் சாவு வீட்டுக்கும் முதல் ஆளாகப் போவாள். பெரிய அண்டாவில் தேத்தண்ணீர் ஊற்றுவாள், பாய் விரிப்பாள். ஆனால் பெண்கள் கழுத்தைக் கட்டிக்கொண்டு அழும் வட்டத்தில் மட்டும் ஒரு நாளும் உட்கார மாட்டாள். எங்களுக்கு அது பழகிப்போயிருந்தது.

அவளிடம் போய் இந்த வேடத்தைக் கேட்பதா?

ரதி திரும்பி வந்தாள்

யோசித்து யோசித்துத் தலைவலி வந்த ஒரு நாள், முருகேசுவின் ஆட்டோவில் போய்க்கொண்டிருந்தேன். அவன் கண்ணாடியில் பார்த்துச் சொன்னான்.

"எதுக்கு டீச்சர் பொம்பளையத் தேடுறீங்க? காமன் கூத்துல ரதி யாரு?"

நான் ஆட்டோவை நிறுத்தச் சொன்னேன்.

மாசி மாதத்தில் எங்கள் தோட்டங்களில் காமன் கூத்து ஆடுவார்கள். எரிந்துபோன மன்மதனுக்காக ரதி வெள்ளை உடுத்திப் புலம்புவாள். அந்த ரதி ஆண்தான். கல்யாணத்துக்கு முன்னால் பல வருடங்கள் முருகேசுதான் எங்கள் ரதி. அவன் புலம்பினால் தோட்டத்து அதிகாரி கண்டாக்கையாவின் வீட்டு வேலி ஓரம் கூட ஆள் நின்று அழும். தாலி கட்டிய வருடம் மீசை வைத்தான், ரதியை விட்டான்.

லண்டனில் பையன்கள் பெண் வேடம் கட்டியதைப் பற்றி ஒரு முழு அத்தியாயம் எழுதியவள் நான். பக்கத்தில் இருந்த ஆளை மறந்து, வீடு வீடாக ஏறி இறங்கியிருக்கிறேன். என் அறிவை என்னவென்று சொல்வது!

அந்தக் காலத்து நடிகர்களுக்கு முழு நாடகத்தையும் கையில் கொடுக்க மாட்டார்கள். அவரவர் பேச வேண்டியதை மட்டும் எழுதிக் கொடுப்பார்கள். முந்தியவர் முடிக்கும் கடைசிச் சொற்கள் மட்டும் அதில் இருக்கும், எப்போது வாய் திறப்பது என்று தெரிய. நானும் அப்படியே கொடுத்தேன். செய்கிறதைச் சரியாகச் செய்து பார்ப்போம் என்று ஒரு வீம்பு.

முருகேசு தன் தாளை ஆட்டோவின் முன்கண்ணாடியில் செருகி வைத்துக்கொண்டு, ஓட்டும்போதே மனப்பாடம் பண்ணினான். தலவாக்கலைக்கு ஏறிய ஒருவர், இவன் "கடலே, என் வீட்டு வாசலுக்கு வந்து பதில் சொல்" என்று கத்தியதைக் கேட்டுப் பாதி வழியில் இறங்கிக்கொண்டாராம்.

ஒத்திகையில் ஒரு சந்தேகம் கேட்டான்.

"இந்தக் கோடு போட்ட எடத்துல யாரு டீச்சர் பேசுவாங்க?"

"யாரும் பேச மாட்டாங்க. எழுதுனவங்க பாதியில விட்டுட்டாங்க."

"அப்ப நான் என்ன பண்றது?"

"கொஞ்சம் நின்னுட்டு அடுத்த வரிக்குப் போ."

"சும்மாவா நிக்கிறது?" என்றான். அவனுக்கு அது பிடிக்கவில்லை.

மடுவத்தில் மழை

அன்று மத்தியானமே பனிமூட்டம் இறங்கிவிட்டது. மடுவத்துக்குள் பாய் விரித்துப் பெண்கள் உட்கார்ந்தார்கள். ஆண்கள் தூண்களில் சாய்ந்து நின்றார்கள். கொழுந்து வாசம், ஈரக் கம்பளி வாசம். தராசு தொங்கும் கம்பியில் என் கைத்தொலைபேசியைக் கட்டி, படம் பிடிக்க வைத்திருந்தேன். அந்தப் பேராசிரியருக்குக் காட்ட வேண்டுமே. பாக்கியம் அக்கா வழக்கம்போலக் கடைசியில், தேத்தண்ணீர் அண்டாவுக்குப் பக்கத்தில் இருந்தாள்.

முதல் இரண்டு அங்கங்களும் ஓரளவு ஓடின. தலைவர் தன் வசனத்தோடு சொந்தமாகவும் நாலைந்து உத்தரவுகள் போட்டார். கைதட்டினார்கள்.

மூன்றாவது அங்கத்தில் முருகேசு வந்தான். மீசை இல்லாத முகத்தைக் கண்டதும் ஒரே சிரிப்பு. "அட, நம்ம ரதி வந்துருச்சுடா!" என்று ஒருவன் சீட்டியடித்தான். ராணி தலையைக் குனிந்துகொண்டாள். நான் நகத்தைக் கடித்தேன்.

தலைவர், சாட்சி எங்கே என்று கேட்டார். முருகேசு அவரைப் பார்த்துக்கொண்டே, மடித்து வைத்திருந்த வெள்ளைச் சேலையை எடுத்தான். அவசரப்படாமல் உடுத்தினான். முந்தானையைத் தலையில் போட்டான். சீட்டியடித்தவன் அடங்கிவிட்டான். முருகேசு தரையில் உட்கார்ந்து குரல் எடுத்தான்.

"கடலைச் சாட்சிக்கு அழைக்கச் சொல்கிறீர்களா? அது பேசுமென்றால் நான் ஏன்—"

நின்றான். கோடு போட்ட இடம். தகரத்தில் மழை பெய்யும் சத்தம் மட்டும் கேட்டது. இந்த வெறுமையில்தான் கூட்டம் கையை விட்டுப் போகப் போகிறது என்று நான் நினைத்தேன்.

பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது.

"காலம்பற போன பஸ்ஸு பொழுதோட வந்துருச்சே... என் ராசா, ஏறிப் போன நீங்க மட்டும் எறங்கலியே, எறங்கலியே..."

எல்லாத் தலைகளும் திரும்பின. பாக்கியம் அக்கா எழுந்து நின்றிருந்தாள். தேத்தண்ணீர்க் கோப்பை ஒன்று இன்னும் கையில் இருந்தது. அதை அண்டாவின் மூடிமேல் வைத்துவிட்டு, பாய்களுக்கு நடுவே நடந்து வந்தாள். பெண்கள் காலை மடக்கி வழிவிட்டார்கள். நேரே போய் முருகேசுவின் எதிரில் உட்கார்ந்தாள். அவன் கழுத்தைக் கட்டிக்கொண்டாள்.

உண்மையைச் சொல்ல வேண்டும். எனக்கு முதலில் வந்தது கோபம். போச்சு, ஒளிப்பதிவு போச்சு, என் பட்டம் போச்சு என்றுதான் நினைத்தேன். ஓடிப்போய் அவளை எழுப்பக்கூட ஓர் எட்டு எடுத்து வைத்தேன்.

முருகேசு அசையவில்லை. அவள் சொல்லி முடிக்கும்வரை அவள் முதுகில் கை வைத்துக் காத்திருந்தான். அவள் முடித்ததும், தன் அடுத்த வரியைச் சொன்னான்.

"என் துக்கத்தை என்னிடமிருந்து ஏன் பறித்தீர்கள்? அதையாவது நான்—"

மறுபடி கோடு. மறுபடி அவள். இந்த முறை இன்னும் இரண்டு பெண்கள் எழுந்து வந்தார்கள். அடுத்த கோட்டுக்கு வட்டமே கூடிவிட்டது. என் சீமாட்டி நானூறு வருடங்களுக்கு முன்னால் பாதியில் விட்ட வரிகளில் ஒன்றுகூட அன்று பாதியில் நிற்கவில்லை. ஒவ்வொன்றையும் யாரோ ஒருத்தி முடித்தாள்.

நான் எடுத்து வைத்த எட்டிலேயே நின்றேன். அந்த வெறுமை பிழை இல்லை. வீட்டுக்குள் கூடியிருந்த பெண்களுக்காக, அக்காள் தங்கைகளுக்காக, வேலைக்காரிகளுக்காக, அவள் விட்டுவைத்த இடம் அது. அவர்கள் சொன்னதை யாரும் எழுதி வைக்கவில்லை. எழுத வேண்டும் என்று யாருக்கும் தோன்றியிருக்காது.

நீதிபதியாக நின்ற தலைவருக்கு இன்னும் ஒரு வசனம் இருந்தது. மனுவைத் தள்ளுபடி செய்ய வேண்டும். அவர் தொப்பியைக் கழற்றிக்கொண்டு தூண் பக்கம் போய்விட்டார்.

அண்டாவின் பக்கத்தில்

எல்லாம் முடிந்து கூட்டம் கலைந்தபோது, பாக்கியம் அக்கா மறுபடி அண்டாவின் பக்கத்தில் இருந்தாள். கண் வீங்கியிருந்தது. என்னைக் கண்டதும் கூசிப் போனாள்.

"ஒன் நாடகத்தக் கெடுத்துப்புட்டேனா சாந்தி?"

"இல்லக்கா."

"படம் புடிச்சுக்கிட்டு இருந்தியே."

"அது நல்லா வந்திருக்குக்கா. இன்னும் நல்லா வந்திருக்கு."

அவள் நம்பவில்லை. கோப்பையைக் கழுவிக்கொண்டே சொன்னாள்.

"அந்தப் பய நிறுத்திட்டான். அவன் நிறுத்துனா எதுத்தாப்புல ஒருத்தி சொல்லணும்ல? எல்லாரும் சும்மா குந்திக்கிட்டு இருக்காளுங்க. ஒத்தையில அழ விடலாமா?"

பிறகு அடுத்த கோப்பையை எடுத்தாள்.

"அவருக்கு இத்தன வருசமா யாரும் அழுவல சாந்தி. நாந்தான் விடல."

அவள் கையிலிருந்த கோப்பையை வாங்கி நான் கழுவினேன். இருவரும் அப்படியே எல்லாக் கோப்பைகளையும் கழுவி முடித்தோம்.

நன்றிப் பக்கம்

அந்த அத்தியாயத்தை மீண்டும் எழுதினேன். நிரூபித்துவிட்டேன் என்று எழுதவில்லை. அக்கரப்பத்தனை மடுவத்தில் நடந்தது, நானூறு வருடங்களுக்கு முந்திய ஒரு வீட்டில் நடந்திருக்கும் என்று யாரும் அடித்துச் சொல்ல முடியாது. அங்கே அவர்கள் எப்படி அழுதார்கள் என்று எனக்குத் தெரியாது. இப்படியும் இருந்திருக்கலாம் என்றுதான் எழுதினேன். இருந்திருக்கலாம் என்ற சொல்லுக்காகத்தான் எங்களைப் போன்றவர்கள் இத்தனை வருடம் கண்ணைக் கெடுத்துக்கொள்கிறோம்.

பேராசிரியர் ஒளிப்பதிவைத் திரும்பத் திரும்பப் பார்த்ததாகச் சொன்னார். தமிழ் தெரியாதவர். "எந்த இடத்தில் அவள் எழுத்து, எந்த இடத்தில் இவர்கள் சொன்னது என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. அந்த வெற்றிடங்களை இனி வெற்றிடமாக என்னால் வாசிக்க முடியாது," என்றார். ஏற்றுக்கொண்டார்கள். பட்டமும் வந்தது, வேலையும் நிலைத்தது. தான் சொன்னதை மாற்றிக்கொள்ளத் தயங்காத அந்த மனிதருக்கும் நான் கடமைப்பட்டிருக்கிறேன்.

ஆய்வேட்டில் முதல் பக்கம் நன்றிக்கானது. முருகேசுவின் பேரை எழுதினேன். மீசையைப் பற்றியும் ஒரு வரி எழுதி, பிறகு அடித்துவிட்டேன். அது மறுபடி வளர்ந்து, ராணியின் கோபமும் தணிந்திருந்தது. பாக்கியம் அக்காவின் பேரை எழுதும் முன்னால், கேட்டுவிடலாம் என்று தோட்டத்துக்குப் போனேன்.

விஷயத்தைப் பொறுமையாகக் கேட்டாள். "புஸ்தகத்துல போடுவியா? அழிக்க மாட்டாங்களே?" என்றாள்.

"அழிக்க மாட்டாங்கக்கா. லைப்ரரியில வச்சிருப்பாங்க."

"அப்ப எம் பேரு வேணாம். எம் பேரு வாக்காளர் அட்டையில இருக்கு, சம்பளம் போடுற செக்ரோல்ல இருக்கு. எல்லாத்துலயும் இருக்கு. அவரு பேரப் போடு. அவரு பேருதான் எங்கயுமே இல்ல. கல்லுலயும் இல்ல, காயிதத்துலயும் இல்ல."

அப்படியே போட்டேன். புத்தகம் கட்டி வந்ததும் ஒரு பிரதியை எடுத்துக்கொண்டு போனேன். ஒரு பின்னேரம். அவள் நெற்றியில் அன்றும் பொட்டு இருந்தது, இன்றும் இருக்கிறது. கையைக் கழுவித் துடைத்துவிட்டு, புத்தகத்தை மடியில் வாங்கினாள். ஆங்கில எழுத்து. எது அவர் பேர் என்று கேட்டாள். விரலைப் பிடித்து அந்த இடத்தில் வைத்தேன். அங்கேயே வைத்துக்கொண்டு, "வாசி," என்றாள்.

தமிழில் சொன்னேன். "மாரிமுத்துவுக்கு. அக்கரப்பத்தனை பஸ்ஸிலிருந்து இன்னும் இறங்காதவருக்கு. அவருக்காக அழுத குரலிலிருந்து நான் கற்றுக்கொண்டேன்."

"இன்னொரு தடவ."

"மாரிமுத்துவுக்கு," என்று தொடங்கினேன். அதற்கு மேல் வரவில்லை. வரி பாதியில் நின்றது.

அவள் புத்தகத்தை ஒரு பக்கமாக வைத்தாள். கிட்டே வந்து என் கழுத்தைக் கட்டிக்கொண்டாள்.

"சொல்லு சாந்தி," என்றாள். "நான் இருக்கேன்ல, சொல்லு."